ரெயின்கோட்டைக் கெடுக்கறது மழை இல்லை, மழை இல்லாத 9 மாசம்! சம்பளக்காரங்களுக்கு ஒரு கணக்கு



ஒரு சின்ன கேள்வியோட ஆரம்பிக்கலாம். போன வருஷம் நீங்க வாங்கின ரெயின்கோட் இப்போ எங்க இருக்கு?

"ஸ்கூட்டர் டிக்கியில", "பைக் சைடு பாக்ஸ்ல", "எங்கயோ மடிச்சு வச்சேன்" – நம்மள்ல நிறைய பேரோட பதில் இதுல ஒண்ணாத்தான் இருக்கும். ஐப்பசி மழை ஆரம்பிச்ச முதல் நாள் அதை வெளிய எடுப்போம். உள்பக்கம் பிசுபிசுன்னு ஒட்டும், இல்லன்னா மடிச்ச இடத்துல எல்லாம் கோடு கோடா விரிஞ்சிருக்கும். "தரமே இல்லப்பா"ன்னு திட்டிட்டு, அன்னைக்கே கடைக்குப் போய் புதுசு ஒண்ணு வாங்குவோம். அடுத்த வருஷமும் இதே கதைதான்.

விழுப்புரம், திண்டிவனம் பக்கம் இருக்கறவங்களுக்கு இது சின்ன விஷயம் இல்ல. விழுப்புரத்துல இருந்து பாண்டிச்சேரிக்கு தினமும் பைக்ல போய் வர்றவங்க இருக்காங்க. விடிகாலையில திண்டிவனத்துல கம்பெனி பஸ் பிடிச்சு மறைமலை நகர், ஒரகடம்னு போறவங்க இருக்காங்க. இவங்களுக்கு ரெயின்கோட், பேக், ஷூ, ஹெல்மெட் எல்லாம் டூர் போறதுக்கான ஐட்டம் இல்ல. வேலைக்குப் போறதுக்கான கருவி.

மழைன்னா என்னன்னு இந்த மாவட்டத்துக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. 2024 நவம்பர் 30-ஆம் தேதி ராத்திரி ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி பக்கத்துல கரையைக் கடந்தப்போ, மயிலத்துல ஒரே நாள்ல சுமார் 50 செ.மீ. மழை கொட்டியது. விக்கிரவாண்டி – முண்டியம்பாக்கம் நடுவுல ரயில் பாலத்துல வெள்ளம் ஏறி, ரயில் போக்குவரத்தே நின்னுச்சு. அந்த மாதிரி நாள்ல எந்த ரெயின்கோட்டும் உதவாது, வீட்டுல இருக்கறதுதான் சரி. ஆனா அதுக்கு முன்னாடியும் பின்னாடியும் வர்ற சாதாரண மழை நாள்ல நாம வேலைக்குப் போய்த்தான் ஆகணும். நனைஞ்சு போய் காய்ச்சல்ல 2 நாள் லீவு போட்டா, லாஸ் ஆஃப் பே யாருக்கு?

அதனால இந்தப் பதிவுல ஒரே ஒரு விஷயத்தை கணக்கோட பார்க்கப் போறோம். வெயில் மழைக்கு நாம வாங்கற சாமானோட ஆயுளை அதோட விலை மட்டும் முடிவு பண்றது இல்ல. அதுல எந்த பாகம் முதல்ல போகும், உபயோகிக்காத நாள்ல அதை எங்க வைக்கறோம் – இந்த ரெண்டும்தான் பெரும்பாலும் முடிவு பண்ணுது.

முதல்ல கணக்கு

ஒரு பொருளோட உண்மையான விலை, பில்லுல இருக்கற நம்பர் இல்ல. அதை எத்தனை நாள் உபயோகிச்சீங்களோ, அந்த நாளால வகுத்தா வர்ற நம்பர்தான். ஒரு உதாரணம் போட்டுப் பார்ப்போம். இதுல வர்ற விலை எல்லாம் கணக்குக்காக நான் எடுத்துக்கிட்டது. நீங்க வாங்கின விலையைப் போட்டு நீங்களே மாத்திப் பாருங்க.

ஒரு சீசன்ல ரெயின்கோட்டை 40 நாள் போடுறீங்கன்னு வச்சுக்குவோம்.

ரூ.900 கோட், டிக்கியிலேயே கிடக்குது, ஒரு சீசன்ல போயிடுது: 900 ÷ 40 = ஒரு நாளைக்கு ரூ.22.50.

ரூ.1,800 கோட், அதுவும் டிக்கியிலேயே கிடக்குது, நல்ல தரம்ங்கறதால 2 சீசன் தாங்குது: 1,800 ÷ 80 = ஒரு நாளைக்கு ரூ.22.50.

அதே ரூ.900 கோட், ஒழுங்கா வச்சு ரூ.50 பராமரிப்பு செலவோட 2 சீசன் வருது: 950 ÷ 80 = சுமார் ரூ.12.

அதே ரூ.1,800 கோட், ஒழுங்கா வச்சு ரூ.300 செலவோட 4 சீசன் வருது: 2,100 ÷ 160 = சுமார் ரூ.13.

முதல் ரெண்டு வரியையும் இன்னொரு தடவை பாருங்க. விலை டபுள், ஆனா ஒரு நாள் செலவு அதேதான். "நல்ல பிராண்டா வாங்கினா நிறைய நாள் வரும்"னு சொல்றது பாதி உண்மைதான். பராமரிக்காத காஸ்ட்லி கோட்டை விட, பராமரிக்கற சாதா கோட் மலிவு.

இன்னொரு விஷயமும் இருக்கு. இந்தச் செலவு வர்ற நேரத்தை கவனிச்சீங்களா? மழை சீசனும் தீபாவளியும் ஒண்ணா வருது. வீட்டுக்கு துணி, ஊருக்கு டிக்கெட்னு ஏற்கனவே கை இறுகி இருக்கும். அப்போ பார்த்து ரெயின்கோட், ஷூ, பேக் மூணும் ஒரே வாரத்துல கைவிட்டா, கார்டுதான் வெளிய வரும். அந்த பில்லை முழுசா கட்டாம விட்டா, மாசத்துக்கு 3%-க்கு மேல வட்டி போடற கார்டுகள்தான் நிறைய. ரூ.900 கோட்டுக்கு ரூ.900 மட்டும் கொடுத்தோம்னு அப்போ சொல்ல முடியாது.

பொருளோட உயிர் எங்க போகுது?

ஒரு பேக் போயிடுச்சுன்னு தூக்கிப் போடும்போது, அதோட துணியைப் பாருங்க. கிட்டத்தட்ட நல்லாவே இருக்கும். போனது ஜிப், இல்லன்னா தோள்பட்டை ஸ்ட்ராப் தையல். ரூ.1,500 பொருளை ரூ.30 பாகம் கொன்னுடுது. ஒவ்வொரு சாமானுக்கும் இப்படி ஒரு பலவீனமான இடம் இருக்கு. அது எதுன்னு தெரிஞ்சா பாதி வேலை முடிஞ்சது.

ரெயின்கோட்: இது பெரும்பாலும் ரெண்டு வகை. ஒண்ணு பிவிசி, அதாவது பிளாஸ்டிக் ஷீட் மாதிரி கனமா இருக்கறது. பிவிசியை வளையற மாதிரி வைக்க அதுல ஒரு மென்மையாக்கும் பொருள் கலந்திருப்பாங்க. சூட்டுல அது கொஞ்சம் கொஞ்சமா வெளியேறிடும். அப்புறம் கோட் விறைச்சுப் போய், மடிப்புல விரியும். இன்னொண்ணு நைலான் அல்லது பாலியஸ்டர் துணி மேல பாலியூரித்தேன் (சுருக்கமா பி.யூ.) பூச்சு போட்டது. இந்தப் பூச்சுக்கு எதிரி ஈரமும் சூடும் சேர்ந்த காத்து. ஈரம் அந்தப் பூச்சோட மூலக்கூறு சங்கிலியை மெதுவா வெட்டிக்கிட்டே இருக்கும், சூடு அந்த வேலையை வேகமாக்கும். அதோட விளைவுதான் பிசுபிசுப்பு, ஒரு மாதிரி புளிச்ச வாடை, அப்புறம் செதில் செதிலா உரியறது.

இப்போ யோசிச்சுப் பாருங்க. நனைஞ்ச கோட்டை மடிச்சு, மூடின டிக்கிக்குள்ள வச்சு, வண்டியை சித்திரை வெயில்ல நிறுத்தறோம். ஈரம், சூடு, காத்தோட்டம் இல்லாத இடம் – கோட்டை சீக்கிரம் கெடுக்க என்னென்ன வேணுமோ எல்லாத்தையும் நாமே ஏற்பாடு பண்ணித் தர்றோம். மழை அதைக் கெடுக்கல.

ஷூ: இங்கயும் அதே பி.யூ. நிறைய சேஃப்டி ஷூவோட சோல், சில டிரெக்கிங் ஷூவோட நடு சோல் பி.யூ. நுரையால செஞ்சது. இதுல ஒரு வேடிக்கை உண்டு. தினமும் போடற ஷூவை விட, பெட்டியிலேயே பத்திரமா வச்ச ஷூ திடீர்னு உதிர்ந்து போகலாம். பார்க்க புதுசு மாதிரியே இருக்கும், நடக்க ஆரம்பிச்சா சோல் பிஸ்கட் மாதிரி நொறுங்கும். 2025 ஜூலையில செஞ்சிக் கோட்டை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியல்ல சேர்ந்திருக்கு. சனி ஞாயிறு நண்பர்களோட ராஜகிரி ஏறலாம்னு கிளம்புறவங்க, 2, 3 வருஷமா பெட்டியில இருந்த ஷூவை நேரா மலைக்குப் போட்டுட்டுப் போகாதீங்க. ஒரு வாரம் முன்னாடியே போட்டு தெருவுல ஒரு சுத்து நடந்து பாருங்க. பாதி மலையில சோல் கழண்டா, இறங்கறது ஆபத்து.

பேக்: ஜிப் ரன்னர், ஸ்ட்ராப் தையல், பக்கிள். இதுதான் வரிசை. லேப்டாப், டிபன் பாக்ஸ், ஒரு லிட்டர் தண்ணி பாட்டில்னு தினமும் 4, 5 கிலோ அந்த ரெண்டு தையல்லதான் தொங்குது.

குடை: கம்பியும் துணியும் சேர்ற முனை, கம்பி மடங்கற இடத்துல இருக்கற சின்ன ஆணி. ஈரத்தோட சுருட்டி வச்சா அங்கதான் முதல்ல துரு பிடிக்கும்.

மரக்காணம் பக்கம் இருக்கறவங்க, இ.சி.ஆர்.ல பீச்சுக்கு அடிக்கடி போறவங்களுக்கு கூடுதலா ஒண்ணு. உப்பளம் இருக்கற ஊர், உப்புக் காத்துக்கு விளக்கம் வேண்டாம். அந்த உப்பு ஜிப்புலயும் உலோக வளையத்துலயும் ஒட்டிக்கிட்டு, காத்துல இருக்கற ஈரத்தை இழுத்து வச்சுக்கும். பீச்சுல இருந்து வந்ததும் பேக் ஜிப்பையும் ஷூவையும் நல்ல தண்ணியால ஒரு தடவை அலசி காய வைங்க. 2 நிமிஷ வேலைதான்.

வாங்கும்போதே பார்க்க வேண்டிய 5 விஷயம்

பொருளோட ஆயுள்ல ஒரு பெரிய பங்கு கடையிலேயே முடிவாயிடுது. கலர் பார்க்கறதுக்கு முன்னாடி இதைப் பாருங்க.

1. ஜிப் ரன்னரை திருப்பிப் பாருங்க. பல ஜிப்புல பின்பக்கம் 5, 8, 10னு ஒரு எண் இருக்கும். எண் பெருசா இருந்தா ஜிப் பல்லும் பெருசு. பேக்கோட மெயின் அறைக்கு 8 அல்லது 10 இருந்தா நல்லது. எண் இருக்கற சாதாரண சைஸ் ஜிப்புன்னா, ரன்னர் போனாலும் அதே சைஸ் வெளிய கிடைக்க வாய்ப்பு அதிகம்.

2. ஸ்ட்ராப் சேர்ற இடத்துல தையல் எப்படி இருக்கு? ஒரே கோடா போட்டிருந்தா வேண்டாம். நெருக்கமா, குறுக்கும் நெடுக்குமா, பெட்டி மாதிரி தைச்சிருக்கணும். உள்பக்கம் திருப்பி, துணி ஓரத்துல நூல் பிரியாம பட்டி வச்சு தைச்சிருக்காங்களான்னும் பாருங்க.

3. ரெயின்கோட்டை உள்பக்கம் திருப்புங்க. தையல் மேல ஒரு பட்டை டேப் ஒட்டியிருக்கணும். ஊசி போன ஒவ்வொரு ஓட்டையும் தண்ணி வர்ற வழிதான். டேப் இல்லாத கோட்டுல துணி எவ்வளவு உசத்தியா இருந்தாலும், அரை மணி நேர மழையில தோள்பட்டையில தண்ணி இறங்கும்.

4. ஷூவுல சோல் எப்படிச் சேர்த்திருக்கு? வெறும் பசையா, பசையோட தையலும் இருக்கா? ஓரத்துல சுத்தித் தைச்ச சோல்னா, பின்னால பிரிஞ்சாலும் திரும்பத் தைக்க முடியும்.

5. தனியா மாத்த முடியுமா? பக்கிள், ஹெல்மெட் வைசர், ஷூ இன்சோல் இதெல்லாம் கழட்டி மாத்தற மாதிரி இருக்கணும். கடைக்காரர்கிட்ட நேராவே கேளுங்க, "அண்ணா, வைசர் மட்டும் தனியா கிடைக்குமா?" கிடைக்காதுன்னா, ஒரு கீறலுக்காக முழு ஹெல்மெட்டை மாத்த வேண்டி வரும்.

பில்லை போட்டோ எடுத்து மெயில்ல போட்டு வைங்க. பல பேக் கம்பெனிகள் தையலுக்கும் ஜிப்புக்கும் வாரண்டி தர்றாங்க. பில் இல்லாததாலதான் நிறைய பேர் அதைக் கேட்கப் போறதே இல்ல.

வருஷத்துல ரெண்டே நாள்: ஆயுத பூஜை, போகி

"இதுக்கெல்லாம் எங்க சார் நேரம்?"னு கேட்பீங்க. புதுசா நேரம் ஒதுக்கவே வேண்டாம். நம்ம ஊர் காலண்டர்லயே ரெண்டு நாள் தயாரா இருக்கு.

வடகிழக்கு மழை அக்டோபர் பாதியில ஆரம்பிக்கும். அதுக்குக் கொஞ்சம் முன்னாடியோ, கிட்டத்தட்ட அதே சமயத்துலயோ ஆயுத பூஜை வரும். அன்னைக்கு வண்டியைக் கழுவி சந்தனம், குங்குமம் வச்சு மாலை போடறோம். அதே நாள்ல டிக்கியையும் திறங்க. மழை ஓய்ஞ்சு ஜனவரி பாதியில வர்றது போகி. அன்னைக்கு பழசைக் கழிக்கறது வழக்கம். கழிக்கறதுக்கு முன்னாடி ஒரு தடவை எதை சரி பண்ணலாம்னு பாருங்க. பிளாஸ்டிக், ரப்பர் சாமானை மட்டும் நெருப்புல போடவே போடாதீங்க.

ஆயுத பூஜை அன்னைக்கு (மழைக்கு முன்):

ரெயின்கோட்டை விரிச்சு, உள்பக்கம் கட்டை விரலால தேய்ச்சுப் பாருங்க. ஒட்டுதா, செதில் வருதா? வந்தா அதை மீட்க முடியாது, இப்பவே மாத்திடுங்க. தீபாவளிக்கு முன்னாடி தெரிஞ்சா நிதானமா விலை பார்த்து வாங்கலாம்.

கோட்டைப் போட்டுக்கிட்டு பாத்ரூம்ல தோள் மேல 2 மக் தண்ணி ஊத்திப் பாருங்க. எங்க கசியுதுன்னு வீட்டுலயே தெரிஞ்சிடும், ஜி.எஸ்.டி ரோட்டுல தெரிய வேண்டாம்.

பேக் ஜிப் எல்லாத்தையும் திறந்து மூடுங்க. இறுக்கமா இருந்தா, பழைய டூத் பிரஷ்ஷால பல்லுல இருக்கற மண்ணைத் தட்டிட்டு, மெழுகுவர்த்தியை லேசா தேய்ச்சு விடுங்க. தேங்காய் எண்ணெய் வேண்டாம், தூசியை இழுக்கும்.

போகி அன்னைக்கு (மழைக்குப் பின்):

கோட், பேக் ரெண்டையும் மிதமான சோப்புத் தண்ணியில கையால அலசுங்க. ஃபேப்ரிக் கண்டிஷனர் வேண்டாம், அது தண்ணி ஒட்டாத தன்மையைக் குறைக்கும். வாஷிங் மெஷின்ல போட்டு ஸ்பின் பண்ணவே கூடாது. தண்ணி புகாத துணிக்குள்ள தண்ணி தேங்கி, டிரம் பேலன்ஸ் தவறி மெஷினே ஆட்டம் கண்டுடும். மெஷின் கம்பெனிகளே இதை எச்சரிக்கையா போட்டிருப்பாங்க.

நிழல்ல, காத்துல, ரெண்டு பக்கமும் திருப்பி முழுசா காய வைங்க. உச்சி வெயில் வேண்டாம்.

காய்ஞ்சதும் மடிக்காம தடிமனான ஹேங்கர்ல மாட்டி பீரோவுல வைங்க. இடம் இல்லன்னா தளர்வா சுருட்டி துணிப் பையில வைக்கலாம். பாலித்தீன் கவர்ல போட்டு இறுக்கி மூட வேண்டாம்.

ஷூ நனைஞ்சா இன்சோலைக் கழட்டி, உள்ளே பழைய நியூஸ் பேப்பரைத் திணிச்சு, சில மணி நேரத்துக்கு ஒரு தடவை பேப்பரை மாத்துங்க. ஹீட்டர் பக்கமோ, கொளுத்தற வெயில்லயோ வச்சா பசை இளகி சோல் பிரியும்.

"ஆடி, ஆவணியில சாயங்காலம் திடீர்னு மழை வருமே, கோட் பீரோவுல இருந்தா என்ன பண்றது?" நியாயமான கேள்விதான். நல்ல கோட்டை பீரோவுல வச்சுட்டு, பழைய கோட் ஒண்ணை டிக்கிக்கு ஒதுக்கிடுங்க. பழசு இல்லன்னா, கோட்டை வண்டியில விடாம ஆபீஸ் பேக்குல எடுத்துட்டுப் போங்க. நிழல்ல இருக்கற பேக், வெயில்ல நிக்கற டிக்கியை விட எவ்வளவோ மேல்.

எப்போ ரிப்பேர், எப்போ புதுசு?

பேக் ஜிப் மூடினதுக்கு அப்புறம் பின்னாடியே திறந்துக்குதா? பெரும்பாலும் பல்லு போயிருக்காது, ரன்னர் தேய்ஞ்சு வாய் அகலமாகியிருக்கும். கட்டிங் பிளேயரால ரன்னரோட ரெண்டு ஓரத்தையும் மெதுவா ஒரு அழுத்து அழுத்தினா, கொஞ்ச நாள் ஓடும். நிரந்தரத் தீர்வு ரன்னரை மாத்தறது. விழுப்புரமோ திண்டிவனமோ, பஸ் ஸ்டாண்ட், மார்க்கெட் பக்கம் பேக் தைக்கிற கடையிலயோ, செருப்பு தைக்கிற அண்ணன்கிட்டயோ கேளுங்க. "ஜிப் மாத்தணும்"னு சொல்லாதீங்க, "ரன்னர் மட்டும் மாத்த முடியுமா"ன்னு கேளுங்க. முழு ஜிப் மாத்தற கூலிக்கும் இதுக்கும் நல்ல வித்தியாசம் இருக்கும். ஸ்ட்ராப் தையல்னா நைலான் நூல்ல தைக்கச் சொல்லுங்க. பருத்தி நூல் ஈரத்துல இத்துப் போகும்.

முடிவு எடுக்க நான் சொல்ற விதி இது. ரிப்பேர் செலவை, அது கூட்டித் தரப் போற மாசத்தால வகுங்க. புதுசோட விலையை, அது வரப் போற மாசத்தால வகுங்க. எது குறைவோ அது. உதாரணமா, ரூ.150 கொடுத்து ஸ்ட்ராப் தைச்சா பேக் இன்னும் 10 மாசம் வரும்னா, மாசம் ரூ.15. ரூ.1,500 புது பேக் 24 மாசம் வரும்னா, மாசம் ரூ.62.50. யோசிக்கவே வேண்டாம், தைங்க. ஆனா பூச்சு உரிஞ்ச ரூ.900 கோட்டுக்கு ரூ.300 செலவு பண்ணி 3 மாசம்தான் வரும்னா மாசம் ரூ.100. அதே ரூ.900-க்கு ஒழுங்கா வச்சுக்கற புது கோட் 24 மாசம் வந்தா மாசம் ரூ.37.50. விட்டுடுங்க. அந்தப் பழைய கோட் வண்டி சீட்டுக்கு கவரா உதவும்.

இதுல எந்த அவமானமும் இல்ல. மரக்காணம் கடற்கரைக் குப்பத்துப் பக்கம் போனா, கரையில உட்கார்ந்து வலையைச் சீர் பண்றவங்களைப் பார்க்கலாம். ரெண்டு கண்ணி அறுந்ததுக்காக யாரும் புது வலை வாங்கறது இல்ல. உலகத்துலயும் இந்தப் பேச்சு மாறிக்கிட்டு வருது. 2011 நவம்பர்ல, அமெரிக்காவோட பெரிய தள்ளுபடி நாள்ல, பாட்டகோனியாங்கற அவுட்டோர் டிரஸ் கம்பெனி "இந்த ஜாக்கெட்டை வாங்காதீங்க"ன்னு தன் ஜாக்கெட் படத்தையே போட்டு நியூயார்க் டைம்ஸ்ல விளம்பரம் கொடுத்துச்சு. பிரான்ஸ்ல 2023 நவம்பர்ல இருந்து, துணி, ஷூ ரிப்பேருக்கு வேலையைப் பொறுத்து 6 முதல் 25 யூரோ வரை பில்லுல கழிச்சுத் தர்றாங்க. நம்ம ஊர்ல அப்படி எதுவும் கழிக்கலன்னாலும், ரிப்பேர் கூலியே குறைவு. அந்த அண்ணன்கிட்ட பேரம் மட்டும் பேசாதீங்க, அந்தக் கடை இருந்தாதான் நம்ம கணக்கே ஓடும்.

எதோட ஆயுளை நீட்டிக்கவே கூடாது?

இது ரொம்ப முக்கியம். மேல சொன்ன சிக்கனம் எல்லாத்துக்கும் ஒரு எல்லை உண்டு. தோத்துப் போனா உயிருக்கோ எலும்புக்கோ ஆபத்து வர்ற பொருள்ல சிக்கனம் பார்க்கக் கூடாது.

ஹெல்மெட் அதுல முதல். உள்ளே இருக்கற தெர்மாகோல் மாதிரி நுரை, விழும்போது நசுங்கி அடியை வாங்கிக்கும். ஒரு தடவை நசுங்கினா அது பழைய நிலைக்கு வராது. அதனால ஒரு விபத்துல அடி வாங்கின ஹெல்மெட், வெளிய கீறல் மட்டும்தான் தெரிஞ்சாலும், மாத்தியே ஆகணும். ஒட்டறது, பெயின்ட் அடிக்கறது, தின்னரால துடைக்கறது எதுவும் கூடாது, அந்த ரசாயனம் நுரையைக் கரைக்கும். அடி படாத ஹெல்மெட்டுக்கும் பல கம்பெனிகள் சொல்ற கணக்கு சுமார் 5 வருஷம். 2021 ஜூன் 1-ல இருந்து இந்தியாவுல விக்கற டூ வீலர் ஹெல்மெட்டுக்கு ஐ.எஸ். 4151 தரத்தோட ஐ.எஸ்.ஐ முத்திரை கட்டாயம். முத்திரை இல்லாததை எவ்வளவு மலிவா கொடுத்தாலும் வாங்காதீங்க. ஹெல்மெட்டுல நீங்க சேமிக்கலாம்னா அது வைசர்லதான். கீறல் விழுந்த வைசர்ல ராத்திரி மழையில எதிர்ல வர்ற லாரி லைட் சிதறிக் கண்ணைக் கூசும். வைசரை மட்டும் மாத்துங்க. உள்ளே இருக்கற பேடிங்கைக் கழட்டித் துவைங்க.

ரெண்டாவது, அடி தேய்ஞ்ச ஷூ. மேல் பாகம் எவ்வளவு நல்லா இருந்தாலும், சோல்ல கோடுகள் அழிஞ்சு வழுவழுன்னு ஆயிட்டா, ஈரமான பஸ் படிக்கட்டுல அது போதும் ஆளைச் சாய்க்க. புது சோல் போட முடிஞ்சா போடுங்க, இல்லன்னா மாத்துங்க. கம்பெனியில போடற சேஃப்டி ஷூவும் அப்படித்தான். சோல் விரிசல் விட்டதை பசை போட்டு ஷாப் ஃப்ளோர்ல போட்டுக்காதீங்க, புதுசு கேட்டு வாங்குங்க.

மிச்சமான காசு எங்க போகணும்?

மொத்தக் கணக்கையும் போட்டுடுவோம். ரெயின்கோட் ரூ.900, பேக் ரூ.1,500, ஷூ ரூ.2,500, குடை ரூ.400. மொத்தம் ரூ.5,300. எல்லாத்தையும் வருஷா வருஷம் வாங்கறவர், பராமரிச்சு ஒவ்வொண்ணையும் 2 வருஷம் ஓட்டினா, வருஷச் செலவு ரூ.2,650. ரிப்பேர், சோப், வைசர்னு ரூ.350 சேர்த்தா ரூ.3,000. மிச்சம் ரூ.2,300.

இது உங்களைக் கோடீஸ்வரன் ஆக்காது. அப்படிச் சொல்ற வீடியோ நம்ம சேனல்ல வராது. ஆனா கையில ரூ.22,000 வாங்கறவருக்கு இது ஒரு மாசச் சம்பளத்துல பத்துல ஒரு பங்கு. அதை விட முக்கியம், அக்டோபர் மாசம் கார்டை எடுக்க வேண்டியதில்லை.

அதனால ஒரு சின்ன ஏற்பாடு பண்ணுங்க. மாசம் ரூ.250 தனியா ஒரு ஆர்.டி.யிலயோ, தனி சேவிங்ஸ் அக்கவுண்ட்லயோ போடுங்க. 12 மாசத்துல ரூ.3,000, அதாவது மேல வந்த அதே வருஷச் செலவு. இனிமே கோட், ஷூ, பேக், ரிப்பேர் எல்லாமே இதுல இருந்துதான். இதுக்கு இ.எம்.ஐ., பே லேட்டர் எதுவும் வேண்டாம். பொருள் சீக்கிரம் போயிட்டா காசு பத்தாது, நல்லா வச்சுக்கிட்டா மிஞ்சும். உங்க பராமரிப்புக்கு இந்த அக்கவுண்ட்தான் மார்க் ஷீட்.

ஒரு எச்சரிக்கையும் சொல்லிடறேன். "ஆயுள் அதிகம்"ங்கற பேர்ல ரூ.8,000 டிரெக்கிங் ஜாக்கெட் வாங்கிட்டு, அதுவும் சிக்கனம்தான்னு நினைச்சுக்காதீங்க. வருஷத்துக்கு 40 நாள் போட்டா, ரூ.13-க்கு வர இன்னும் 15 வருஷம் அதைப் போடணும். அந்தப் பூச்சு அவ்வளவு நாள் வராது.

இன்னைக்கு ஒரே ஒரு வேலை. சாயங்காலம் வீட்டுக்குப் போனதும் வண்டி டிக்கியைத் திறந்து, உள்ளே இருக்கற கோட்டை வெளிய எடுத்து, உதறி, கொடியில போடுங்க. ஈரம் இருக்கா, ஒட்டுதான்னு பாருங்க. நாளைக்கு காலையில அதை டிக்கிக்குள்ள திருப்பி வைக்காதீங்க.